திகைப்பூண்டு எதை எடுக்கும், எதை விட்டுவைக்கும்?

கேள்வி இதுதான்: "நாவல் ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். அம்பாசமுத்திரத்துக்கு மேற்கே, மலையடிவாரத்தில் கதை நடக்கிறது. மனிதரின் நினைவை அழிக்கிற, எளிதில் கிடைக்காத ஒரு மாயப்பொருள்தான் கதையின் முடிச்சு. இப்போதைக்கு, ஒரு சிட்டிகைப் பொடியைப் பாலில் கலந்து கொடுத்தால் எல்லாம் மறந்துபோகும் என்று எழுதி வைத்திருக்கிறேன். படித்த நண்பர்கள் நம்ப முடியவில்லை என்கிறார்கள். நெல்லைப் பக்கத்தில் இப்படி ஏதாவது சொல்லப்படுகிறதா? எப்படி அமைத்தால் வாசகர் நம்புவார்?"

நண்பர்கள் சொன்னது சரி. ஆனால் மாயப்பொருள் என்பதால் அவர்கள் நம்பாமல் போகவில்லை. 'எல்லாம் மறந்துபோகும்' என்ற ஒரு வரிதான் காலை வாரிவிட்டது. எல்லாவற்றையும் மறந்த மனிதரை நான் பார்த்ததே இல்லை. தாவரவியல் சொல்லிக்கொடுத்து வயிறு வளர்த்தவன் நான்; அதற்குமேல், என் அப்பாவின் நினைவு போனதைக் கூடவே இருந்து பார்த்தவன். மறதி எதை எடுக்கும், எதைத் தொடாமல் விட்டுவைக்கும் என்பதைப் பற்றி எனக்குச் சொல்ல நிறைய இருக்கிறது. கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில், புதிதாக ஒரு பொருளைக் கற்பனை செய்ய நீங்கள் மெனக்கெட வேண்டாம். நம்மிடம் ஏற்கெனவே ஒன்று இருக்கிறது. திகைப்பூண்டு.

சின்ன வயதில் நாங்கள் விறகுக்கும் இலந்தைப்பழத்துக்கும் பொத்தை என்று நாங்கள் சொல்லும் சின்னக் குன்றுப் பக்கம் போகும்போதெல்லாம் ஆச்சி வாசலில் நின்று சொல்லி அனுப்புவாள்: "ஏல, கீழ பாத்து நடங்கல. திகைப்பூண்ட மிதிச்சிராதிய." அதை மிதித்தால் என்ன ஆகும் என்று கேட்டால், வீடு தெரியாமல் போய்விடுமாம். ஒரே இடத்தைச் சுற்றிச் சுற்றி வருவோமாம். ஊர் எதிரிலேயே இருக்கும், கோயில் மணி கேட்கும், ஆனால் எந்தப் பக்கம் காலெடுத்து வைப்பது என்று தெரியாதாம். விடிய விடியச் சுற்றிவிட்டுப் பார்த்தால் முதல்நாள் சாயங்காலம் நின்ற அதே கல்லுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருப்போமாம். இன்றைக்கும் கடைவீதியில் யாராவது பிரமை பிடித்ததுபோல் நின்றால், "என்ன வே, திகைப்பூண்ட மிதிச்ச மாதிரி நிக்கீரு?" என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். அகராதியிலும் திகைப்பூடு என்ற சொல் உண்டு. இதுதான் அது என்று ஒரு செடியை யாரும் என் கையில் பறித்துக் கொடுத்ததில்லை. நானும் தேடாத இடமில்லை.

இந்தச் சொல்லையே சற்று உரசிப் பாருங்கள். 'திகை' என்றால் திகைப்பு மட்டுமல்ல. திசைக்கும் பழைய பெயர் அதுதான். எண்திகை என்கிறோம் இல்லையா? திசை கெட்டவனுக்கு வரும் நிலைதான் திகைப்பு என்று எனக்குத் தோன்றும். இந்தப் பூண்டு எடுப்பதும் அதை மட்டும்தான். மிதித்தவருக்குத் தன் பெயர் தெரியும். பெண்டாட்டி பிள்ளை தெரியும். யாருக்கு எவ்வளவு கடன் பாக்கி என்பதுகூடத் தெரியும். வழி மட்டும் தெரியாது. எங்கள் ஆச்சி ஒருநாளும் 'எல்லாம் மறந்துபோகும்' என்று சொன்னதில்லை, கவனியுங்கள். அவள் சொன்னதை நாங்கள் நம்பினோம், பயந்தோம், கீழே பார்த்து நடந்தோம். அளவாகச் சொன்னதால்தான் நம்பினோம்.

அடுத்தது, அது ஏன் அரிதானது என்ற கேள்வி. உங்கள் கதையில் பொடியைப் பாம்பு காப்பதாகவும், பன்னிரண்டு வருஷத்துக்கு ஒருமுறை பூப்பதாகவும் எழுதியிருந்தால் இரண்டையும் எடுத்துவிடுங்கள். திகைப்பூண்டு அரிதாக இருப்பதற்குக் காரணம் அதன் வேலையிலேயே இருக்கிறது. அது இருக்கும் இடம் அதை மிதித்தவருக்குத்தான் தெரியவரும். மிதித்தவருக்கோ அந்த இடத்துக்குப் போன வழி நினைவிலிருந்து போய்விடும். ஒரு குளத்தங்கரை முழுக்க மண்டிக் கிடந்தாலும், அங்கே இருக்கிறது என்று வந்து சொல்ல ஆள் இருக்காது. காவலே தேவையில்லாத புதையல் அது.

இனி ஒரு சம்பவம். இருபத்தைந்து வயதில் ஒருதடவை உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்காகச் சாத்தான்குளம் பக்கம் போயிருந்தேன். பழைய திருநெல்வேலி மாவட்டம்தான் அது, 1986-ல் தூத்துக்குடியோடு பிரிந்தது. மத்தியானச் சாப்பாடு முடிந்ததும் தேரிக்காட்டைப் பார்க்கலாமென்று தனியாகக் கிளம்பிவிட்டேன். தேரி என்றால் தெரியாதவர்களுக்காக: குங்குமத்தைக் கொட்டி வைத்த மாதிரி செக்கச்செவேலென்று மணல்மேடு, மேட்டுக்குப் பின்னால் மேடு. நடுநடுவே உடைமரம், கொல்லாமரம், பனை. ஆடிமாசக் காற்று. உள்ளே ஒரு இருபது நிமிஷம்தான் நடந்திருப்பேன். திரும்பினால் வந்த தடம் இல்லை. என் காலடியைக் காற்று தூர்த்துவிட்டிருந்தது. எந்தப் பக்கம் பார்த்தாலும் அதே மேடு, அதே பனை. சூரியனை வைத்துத் திசை சொல்லத் தெரிந்தவன்தான் நான். அன்றைக்கு அந்தப் படிப்பு உதவவில்லை. மேற்கு எது என்று தெரிந்தது, ஊர் மேற்கில் இருக்கிறதா கிழக்கில் இருக்கிறதா என்பது தெரியவில்லை. நாக்கு ஒட்டிக்கொண்டது. ஆச்சி சொன்ன பூண்டுதான் முதலில் நினைவுக்கு வந்தது என்பதை ஒளிக்காமல் சொல்கிறேன்.

ஒரு பனையேறி அண்ணாச்சி வந்து சேர்ந்தார். "எல்லாப் பனையும் ஒண்ணுபோல இருக்கே அண்ணாச்சி, நீங்க எப்படி வழி கண்டுபிடிக்கிய?" என்றேன். அவர் நின்று என்னைப் பார்த்தார். "ஒண்ணுபோலயா? அந்தா நிக்கில்லா, அது போன வருசம் இடி வாங்குனது. இது கழுத்து திருகுனது. அங்கிட்டு ரெண்டும் அக்கா தங்கச்சி. எது ஒண்ணுபோல இருக்கு?" அதற்குப் பிறகு பார்த்தால் எனக்கும் அவை வேறுவேறாகத் தெரிந்தன. ஏழெட்டு நிமிஷத்தில் ஊருக்கு வந்துவிட்டோம்.

வழி என்பது நினைவின் ஒரு தனிக் கிளை என்பதை விஞ்ஞானம் கண்டுபிடித்த கதையும் இதையொட்டியதுதான். மூளையின் உள்மடிப்பில் ஹிப்போகேம்பஸ் என்ற சின்னப் பகுதி இருக்கிறது. எலி ஒரு குறிப்பிட்ட இடத்தில் நிற்கும்போது மட்டும் அங்கே ஒரு குறிப்பிட்ட செல் துடிக்கிறது, வேறு மூலைக்குப் போனால் வேறு செல் துடிக்கிறது என்று 1971-ல் ஜான் ஓ'கீஃப் காட்டினார். 2005-ல் மோசர் தம்பதியர் பக்கத்துப் பகுதியில் கோலப்புள்ளி வைத்தாற்போல் இடைவெளி பிசகாமல் துடிக்கும் செல்களைக் கண்டார்கள். மூன்று பேருக்கும் 2014-ல் நோபல் பரிசு கிடைத்தது. நாம் நடக்கும் நிலத்துக்குத் தலைக்குள் ஒரு புள்ளிக்கோலம் இருக்கிறது என்றால், அந்தக் கோலத்தை மட்டும் அழிக்கிற பூண்டு ஒன்றைக் கற்பனை செய்வது அப்படியொன்றும் எட்டாத காரியமில்லை. ஆல்சைமர் நோயில் பல பேருக்கு ஆரம்ப அறிகுறியே, பழகிய தெருவில் வழி தப்புவதுதான்.

எங்கள் வீட்டிலும் அப்படித்தான் தொடங்கியது.

எங்கள் ஊர் கன்னடியன் கால்வாய்ப் பாசனம். தாமிரபரணியில் இருக்கும் எட்டு அணைக்கட்டுகளில் மூன்றாவதான கன்னடியனிலிருந்து பிரிந்து வருகிற கால் அது. ஒரு பசு நடந்த தடத்திலேயே அதை வெட்டினார்கள் என்று ஊரில் கதை சொல்வார்கள். அப்பாவுக்கு அந்தக் காலில் இரண்டு பூ வயல் இருந்தது. கார், பிசானம் என்று இரண்டு போக நெல்லும் எடுத்த மனிதர். வயலை விற்றுப் பதினைந்து வருஷத்துக்குப் பிறகு, ஒரு கார்த்திகை மாசம், விடிகாலை நாலு மணிக்கு எழுந்து பார்க்கிறோம், வாசற்கதவு திறந்து கிடக்கிறது. கட்டிலில் ஆள் இல்லை. பேருந்து நிறுத்தம், கோயில், ஆற்றுப் படித்துறை என்று தேடிவிட்டுக் கடைசியில் கால்வாய்க் கரைக்குப் போனேன்.

இருட்டில் தண்ணீருக்குள் முழங்கால் அளவு நின்றுகொண்டிருந்தார். வேட்டியைத் தார் பாய்ச்சிக் கட்டியிருந்தார். கையில் மண்வெட்டி இல்லை. எங்கேயோ கிடந்த உடைந்த மட்டைப் பலகை ஒன்று. அதை வைத்து வரப்பிலிருந்து புல்லோடு சேர்த்து மண்ணைப் பெயர்த்தார். புல் தண்ணீர் வரும் பக்கம் பார்க்கிற மாதிரி மடைவாயில் வைத்தார். குதிகாலால் இரண்டு மிதி. அடுத்த கட்டி. மறுபடி இரண்டு மிதி. சொட்டு ஒழுகவில்லை. பையனாக இருந்தபோது எனக்கு அதைச் சொல்லித்தர அவர் பட்ட பாடு கொஞ்சமில்லை. நான் அடைத்த மடை என்றைக்கும் ஒழுகத்தான் செய்யும். நான் டார்ச் அடித்ததும் கண்ணைச் சுருக்கிக்கொண்டு கேட்டார்:

"யாரு வே அது?"

"அப்பா, நாந்தான்."

"மேலவயக்காரரா? விடியிறதுக்குள்ள எனக்குப் பாஞ்சிரும் வே. கோவப்படாதீரும்."

பிறந்ததிலிருந்து என்னை 'ஏல' என்று கூப்பிட்ட வாய் அது. 'வே' என்பதும் 'நீரு' என்பதும் எங்கள் பக்கத்தில் சமவயதுக்காரருக்கும், மரியாதை கொடுக்க வேண்டிய அடுத்தவருக்கும் உரியவை. என்னை அவர் மறந்துவிட்டார் என்பது அந்த ஒரு எழுத்தில் எனக்குத் தெரிந்தது. ஆனால் அயலாரிடம் எப்படிப் பேச வேண்டும் என்பதை அவர் மறக்கவில்லை. முறைத் தண்ணீரைத் தான் எடுத்துக்கொண்டால் மேலவயல்காரருக்குக் கோபம் வரும் என்ற நியாயத்தையும் மறக்கவில்லை. மடை அடைக்கிற வித்தை கையிலேயே இருந்தது. அவர் நீர் பாய்ச்ச நினைத்த வயல்தான் அங்கே இல்லை. வீட்டுமனைக்கு ஊன்றிய வெள்ளைக் கற்கள் இருந்தன.

வீட்டுக்குக் கூட்டிவரும்போது ஒவ்வொரு தெருமுனையிலும் நின்றார். எந்தப் பக்கம் என்று என்னைப் பார்த்தார். எங்கள் வீட்டுக்கு முன்னால் நின்று, "இது யாரு வீடு?" என்றார். எங்கள் வீட்டு வாசல்நிலை தாழ்வானது, புதிதாக வருகிற எல்லோரும் நெற்றியில் இடித்துக்கொள்வார்கள். யார் வீடு என்று கேட்டுக்கொண்டே தலையைக் குனிந்து உள்ளே போனார் அப்பா. இடிக்கவில்லை.

உங்கள் நாவலுக்கு நான் கொடுக்கக்கூடியது எல்லாம் இந்த ஒரு குனிதலில் இருக்கிறது. மனசுக்கு வீடு தெரியவில்லை, முதுகுக்குத் தெரிந்திருந்தது. நினைவு ஒரே பானையில் கிடக்கும் தண்ணீர் அல்ல. முகத்தின் நினைவு, பெயரின் நினைவு, வழியின் நினைவு, கைவேலையின் நினைவு, மரியாதையின் நினைவு, பாட்டின் நினைவு, ஒவ்வொன்றும் வெவ்வேறு அறையில் இருக்கிறது. ஹெச்.எம். என்ற எழுத்துகளால் மட்டும் உலகம் அறிந்திருந்த ஒருவருக்கு, வலிப்பை நிறுத்த 1953-ல் மூளையில் அறுவை செய்து ஹிப்போகேம்பஸின் பெரும்பகுதியை எடுத்துவிட்டார்கள். அதற்குப் பிறகு புதிதாக எதுவும் அவர் நினைவில் தங்கவில்லை. கண்ணாடியில் பார்த்தபடி நட்சத்திரம் வரையும் ஒரு பயிற்சியை மறுநாளும் மறுநாளும் கொடுத்தபோது, இதற்குமுன் இதைச் செய்ததே இல்லை என்பார். கை மட்டும் நாளுக்கு நாள் தேறிக்கொண்டே வந்தது. 2008-ல் இறக்கும்வரை அவர் அப்படித்தான் இருந்தார். அப்பா அடைத்த மடையில் நான் பார்த்ததும் அதே விஷயத்தைத்தான்.

ஆக, உங்கள் பொருள் எந்த அறைக்குள் நுழைகிறது என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். அதைவிட முக்கியம், எந்த அறைகளை அது தொடாது என்பது. வாசகர் அழப்போவது தொடாத அறையைப் பார்த்துத்தான். கணவனை மறந்த மனைவி அவனுக்குப் பிடித்த மாதிரியே தேங்காய்த் துவையலில் புளியைக் குறைத்து வைக்கிறாள், ஏன் குறைத்தோம் என்று அவளுக்குத் தெரியவில்லை என்று எழுதிப் பாருங்கள். அந்தப் பொடியை யாரும் சந்தேகப்பட மாட்டார்கள்.

நிஜச் செடிகள் பற்றியும் கேட்க நினைத்திருப்பீர்கள், சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஊமத்தையில் ஸ்கோபோலமின், அட்ரோபின் என்ற நச்சுப் பொருள்கள் இருக்கின்றன. மூளையில் நினைவைப் பதிக்க உதவும் அசிட்டைல்கோலின் என்ற பொருளின் வேலையை அவை தடுத்துவிடும். விஷம் ஏறியவருக்கு வாய் வறளும், கண்மணி விரியும், இல்லாத ஆளோடு பேசுவார். பிழைத்து எழுந்தால் அந்த நேரத்தில் நடந்தது ஒன்றும் நினைவிருக்காது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் வழிப்போக்கருக்கு இதைச் சோற்றில் கலந்து கொடுத்துக் கொள்ளையடித்த கூட்டங்கள் இந்தியாவில் இருந்தன. ஆனால் ஒன்று: ஊமத்தை ஏற்கெனவே எழுதி வைத்த ஏட்டைக் கிழிப்பதில்லை, அன்றைய நாளுக்கான ஏட்டில் எழுத்தாணியை ஓடவிடாது, அவ்வளவுதான். பழைய நினைவை அழிக்கும் பொடிக்கு அதை மாதிரியாக வைக்காதீர்கள். மரணம் வரை கொண்டுபோகிற விஷம் அது, ஆகவே கதையில்கூட அளவு, பக்குவம் எதையும் எழுத வேண்டாம் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன். வல்லாரை நினைவைக் கூட்டும் என்று நாமெல்லாம் துவையல் அரைத்துச் சாப்பிடுகிறோம். வாய்க்கால் ஓரம் ஈரத்தில் படர்ந்து கிடக்கும். நல்ல கீரை. ஆனால் தேர்வுக்கு முந்தின நாள் தின்று பாஸானவர் யாரையும் நான் பார்த்ததில்லை.

நினைவை எடுக்கும் பொருளைப் பற்றியே யோசிக்கிறீர்கள். திருப்பிக் கொடுக்கும் பொருளையும் யோசியுங்கள், அதில்தான் நம் இலக்கியம் செழிப்பாக இருக்கிறது. சிலப்பதிகாரத்தில் கோவலனுக்கும் கண்ணகிக்கும் மதுரைக்கு வழி சொல்லும் மாங்காட்டு மறையோன், திருமால்குன்றத்தில் பிலம் எனப்படும் குகைக்குள் மூன்று பொய்கைகள் இருப்பதாகச் சொல்கிறான். அதில் பவகாரணி என்ற பொய்கையில் குளித்தால் பழம்பிறப்பு தெரியும். அவர்கள்கூட வந்த சமணத் துறவி கவுந்தியடிகள் வேண்டாம் என்று மறுத்துவிடுகிறார்: போன பிறப்பில் செய்ததெல்லாம் இந்தப் பிறப்பிலேயே தெரிகிறதே, தனியாகப் பொய்கை எதற்கு என்பது அவர் கருத்து. ஒரு மாயப்பொருளைக் கண்முன் காட்டிவிட்டு, அதை வேண்டாமென்று சொல்லும் ஒரு பாத்திரத்தையும் பக்கத்தில் நிறுத்தியிருக்கிறார் இளங்கோ. உங்கள் நாவலுக்கும் அப்படி ஒரு ஆள் வேண்டும்.

அதே காப்பியத்தின் கடைசிக் காதையில் அந்த நீர் உண்மையிலேயே வேலை செய்வதையும் பார்க்கலாம். இந்த முறை வேறொரு சுனை, வேறொரு மலை. அதன் நீரைக் கரகத்தில் கொண்டுவந்த மாடலன் என்ற மறையோன், சேரன் செங்குட்டுவன் முன்னிலையில் மூன்று சிறுமிகள்மேல் தெளிக்கிறான். அவர்களுக்குப் போன பிறவி திரும்பி வந்துவிடுகிறது. கண்ணகியின் தாயாகவும் கோவலனின் தாயாகவும், மதுரையில் அவர்களுக்கு அடைக்கலம் கொடுத்த மாதரியாகவும் அந்தக் குழந்தைகள் அழுகிறார்கள். பால்மணம் மாறாத வாயில் பிள்ளையை இழந்த கிழவியின் புலம்பல். நினைவு திரும்புவது வரம் என்று நினைக்கிறவர்கள் அந்தப் பகுதியை ஒருமுறை வாய்விட்டுப் படிக்க வேண்டும். உங்கள் கதையில் மாற்றுமருந்து ஒன்று வருவதாக இருந்தால், திரும்பி வரும் நினைவை யார் தாங்கப்போகிறார் என்ற கேள்வியோடு அது வரட்டும்.

இப்போது அந்தப் பூண்டின் விதி. இது என் சொந்த யோசனை, எடுத்துக்கொள்வதும் விடுவதும் உங்கள் பாடு. ஒரு நினைவை மனசுக்குள் வரவழைக்கும்போது அது சற்று நெகிழ்ந்துவிடுகிறது, மறுபடி இறுகிப் படியக் கொஞ்ச நேரம் எடுக்கிறது, அந்த இடைவெளியில் தடுத்தால் அது குலைந்துபோகக்கூடும் என்று 2000-ல் எலிகளை வைத்துச் செய்த சோதனையில் கண்டார்கள். நனைத்த களிமண் மாதிரி. இதைத் திகைப்பூண்டோடு சேர்த்துப் பாருங்கள். மிதிக்கிற நொடியில் மனசில் எது இருக்கிறதோ, அதை மட்டும்தான் அது எடுக்கும். வீட்டை நினைத்துக்கொண்டு நடக்கிறவர்கள்தானே காட்டில் அதிகம்? அதனால்தான் எல்லோருக்கும் வீட்டுவழி மறந்துபோகிறது. ஆச்சியின் கதைக்கு இதனால் ஒரு பங்கமும் வராது.

இந்த விதியை வைத்துவிட்டால், பொடியைத் திருடிப் பாலில் கலந்து கொடுக்கும் வில்லனுக்கு வேலை இல்லாமல் போகிறது. ஒரு பெண்ணிடமிருந்து ஒரு நினைவைப் பறிக்க வேண்டுமென்றால், அவள் அதை நினைக்கும்படி செய்தாக வேண்டும். எதிரில் உட்கார்ந்து அவளைப் பேச விட வேண்டும். அன்றைக்கு என்ன நடந்தது, யார் என்ன சொன்னார்கள், மழை பெய்ததா, எல்லாவற்றையும் அவள் வாயால் சொல்லச் சொல்லக் கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். அவள் மறந்த பிறகு அது அவனிடம் மட்டும் மிஞ்சும். இதைவிடப் பெரிய தண்டனையை அவனுக்கு நீங்கள் கொடுக்க முடியாது. தாங்க முடியாத துக்கத்திலிருந்து விடுபட ஒருத்தி தானாகவே வந்து மிதிக்கிறாள் என்றாலும் இதே விதிதான்: அந்தத் துக்கத்தை ஒருதடவை முழுசாக நினைத்துவிட்டுத்தான் அவள் காலை வைக்க முடியும். பிள்ளையின் சாவை மறக்க வந்தவள், காலைத் தூக்கிய நொடியில் சாவை விட்டுவிட்டுப் பிள்ளையை நினைத்துவிட்டால்? அங்கே உங்கள் நாவல் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

ஒரு வேண்டுகோள், இதை மிகுந்த அக்கறையோடு வைக்கிறேன். காரையாறு, முண்டந்துறைப் பக்கம் கதை நகர்ந்தால் அந்த மலைப் பழங்குடிகளான காணி மக்கள் கட்டாயம் வருவார்கள். தயவுசெய்து அவர்களில் ஒருவரைச் சடைமுடியும் உறுமலுமாக, பட்டணத்து நாயகனுக்குப் பொடியைக் கொடுத்துவிட்டு மறைகிற மந்திரவாதியாக ஆக்கிவிடாதீர்கள். 1987-ல் அகத்தியமலையில் ஆய்வுக்குப் போன விஞ்ஞானிகள், வழிகாட்டிய காணிக்காரர்கள் ஏதோ ஒரு காயைத் தின்றுகொண்டே களைக்காமல் மலையேறுவதைக் கண்டார்கள். முதலில் அவர்கள் சொல்லத் தயங்கினார்கள். பிறகு காட்டிக்கொடுத்த செடிதான் ஆரோக்கியப்பச்சை. அதிலிருந்து ஜீவனி என்ற மருந்து வந்தது, 1995-ல் தயாரிப்பு உரிமம் கொடுக்கப்பட்டது, உரிமத் தொகையிலும் விற்பனைப் பங்கிலும் பாதி காணி மக்களுக்கு என்று முடிவாயிற்று. பழங்குடி அறிவுக்குப் பங்கு கொடுத்த முன்னோடி ஏற்பாடுகளில் ஒன்று என்று உலகம் முழுக்க அதைப் பேசினார்கள். ஒரு செடியை அறிந்திருப்பது சொத்து. அதைச் சொல்லாமல் இருப்பதற்கும் ஒரு சமூகத்துக்கு உரிமை உண்டு. உங்கள் கதையில் திகைப்பூண்டைப் பற்றி அறிந்த காணிப் பெரியவர் ஒருவர் வந்தால், கொடுக்க மாட்டேன் என்று காரணத்தோடு மறுக்கிற மனிதராக வரட்டும். கொக்கரை என்ற வாத்தியத்தை உரசி இரவெல்லாம் சாற்றுப்பாட்டு என்ற தங்கள் சடங்குப் பாட்டைப் பாடுகிற மக்களுக்கு நினைவைக் காப்பாற்றுவது எப்படி என்று தெரியும். அதை அழிக்கும் பொருளை அவ்வளவு லேசில் எடுத்துத் தந்துவிடுவார்களா?

களம் பற்றி இரண்டு விஷயம். பொதிகை உச்சி 1,868 மீட்டர். அடிவாரத்துச் செடி அங்கே முளைக்காது, அங்கே முளைப்பது பாபநாசத்து வெயிலைத் தாங்காது. பூண்டு எந்த உயரத்தில் இருக்கிறது என்று முடிவு செய்துவிட்டு அதற்கேற்ற காட்டை எழுதுங்கள். இரண்டாவது, ஆடி அமாவாசையைத் தவறவிடாதீர்கள். காரையாறு சொரிமுத்து அய்யனார் கோயிலுக்கு அன்றைக்குச் சனம் மலையேறும். குடும்பம் குடும்பமாகக் காட்டுக்குள்ளேயே தங்கிப் பொங்கி வைப்பார்கள். ஆயிரம் காலடி விழுகிற இடத்தில் ஒரு காலடி பூண்டின்மேல் விழுந்தது என்று தொடங்கினால், யார் மிதித்தது என்பதே தெரியாமல் கதையைக் கொஞ்ச தூரம் கொண்டுபோகலாம்.

பெயரை மாற்ற வேண்டாம். வடமொழிச் சாயலில் பெரிய பெயர் வைத்தால் பொருள் பொய்யாகிவிடும். திகைப்பூண்டு என்றே இருக்கட்டும். எங்கள் பக்கத்தில் படிக்கிறவருக்கு அந்தச் சொல்லைக் கண்டதும் உள்ளங்கால் கூசும்.

எழுதி முடித்ததும், நினைவு போன பிறகு அந்த ஆள் முதன்முதலாகத் தன் வீட்டுக்குள் நுழைகிற அத்தியாயத்தை மட்டும் எனக்கு அனுப்புங்கள். அவர் கை எங்கே போகிறது, தலை எங்கே குனிகிறது என்று பார்த்துச் சொல்கிறேன்.